மாக்கோழியும் பழைய வட்டும்

யசோதர காவியத்தின் கதையை நம்மவருள் அறியாதார் அரியர். உயிர்க்கோழிக்கு மாற்றாக மாவினாற் செய்த கோழியைப் பலியிட்டான் மன்னன். தூண்டியவள் தாய் சந்திரமதி. மயிலும் நாயுமாகத் தொடங்கி இருவரும் விலங்குப் பிறவிகள் பலவற்றில் உழன்றனர். மாவுக்கு உயிரில்லை, கொல்லும் எண்ணத்திற்கு வினையுண்டு.

ராஜா அண்ணாமலைபுரத்து அடுக்ககம் ஒன்றில் இக்கதை நம் நினைவுக்கு வந்தது. 2013இல் வெளிவந்த பிளேஸ்டேஷன் 4 கருவிக்குரிய வட்டுகளுள் பெரும்பாலானவை, 2020இல் வந்த பிளேஸ்டேஷன் 5இலும் இயங்குகின்றன. வட்டு செருகும் வசதி இருத்தல் வேண்டும். மணமான புதிதில் தாம் ஆடிய சுடும் விளையாட்டைத் தந்தையார் ஒருவர் புதிய கருவியிலிட்டு மகனுக்குப் பழக்கிக்கொண்டிருந்தார்.

திரையில் மடிபவை உயிர்களல்ல என்பர். மெய்தான். கார்ப் பந்தயத்தையும் கால்பந்தையும் நாம் குறைகூறவில்லை. சுடும் ஆட்டத்தையுங்கூடச் சங்கல்ப இம்சை என்று துணிந்து கூறோம். வெல்லும் விருப்பம் வேறு, கொல்லும் விருப்பம் வேறு. ஆயினும் மகன் கையில் கொடுப்பவருக்குச் செய்தலோடு செய்வித்தலும் உடன்படுதலும் சேர்கின்றன. சந்திரமதி தன் கையால் எதையும் வெட்டவில்லை.

பழைய ஆட்டத்தில் மற்றொரு நுட்பமும் உண்டு. புதியதில், அடுத்து வருவது யாதென்னும் ஆவல் ஈர்க்கிறது. பழையதிலோ பகைவன் எந்தச் சுவருக்குப் பின் நிற்பான் என்பது மனப்பாடம். ஆவல் தீர்ந்த பின்னும் அழைப்பது எது? இளமை நினைவாயின் அது பற்று. வீழ்த்தும் களிப்பாயின் உள்ளத்தில் நிகழும் பாவ இம்சை. எது என்பதை ஆடுபவரே தம்முள் நோக்கி அறிய இயலும். அருகிருந்து பார்த்த நமக்கு அது புலப்படவில்லை.