வேண்டாதது எங்கே போகும்?

பினாங்கின் சூலியா தெருவில், நாகூர் தர்கா இருக்கும் மூலையில் நின்று இரவுக்கடைகளைப் பார்க்கும்போது எனக்குத் தோரியம் நினைவுக்கு வருகிறது. மின்சாரம் எங்கும் பரவாத காலத்தில் இத்தகைய கடைகளுக்கு வெளிச்சம் தந்தது பெட்ரோமாக்ஸ். அந்த வெள்ளை ஒளி அதன் மேண்டில் என்னும் வலைத்திரியிலிருந்து பிறந்தது. நூற்றுக்கு 99 பங்கு தோரியம் ஆக்சைடும் ஒரு பங்கு சீரியம் ஆக்சைடும் சேர்ந்த கலவை, 1891-இல் ஆஸ்திரிய வேதியியலர் அவுவர் ஃபான் வெல்ஸ்பாக் கண்டறிந்தது. 3,300 டிகிரி செல்சியஸை நெருங்கினால்தான் தோரியம் ஆக்சைடு உருகும். எந்த விளக்கின் சுடரும் அதை அசைக்காது.

அந்த மேண்டிலுக்காகவே தோரியம் அடங்கிய மோனசைட் மணலை உலகம் தேடி அலைந்தது. 1909-இல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானியர், கயிற்று நாரில் ஒட்டிவந்த மணலைப் பார்த்து மணவாளக்குறிச்சிக் கடற்கரையைக் கண்டுகொண்டார். மலாயாவில் அது கிந்தா பள்ளத்தாக்கின் வெள்ளீயச் சுரங்கங்களிலேயே கிடந்தது. வெள்ளீயத்தைக் கழுவி எடுத்தபின் அடியில் தங்கும் கனத்த மணலை ‘அமாங்’ என்பார்கள். அதில் மோனசைட்டும் உண்டு. அன்று தோரியம்தான் சரக்கு. கூடவே வந்த அரிய மண் தனிமங்கள் மிச்சம். அந்த மிச்சத்தையும் வெல்ஸ்பாக் வீணாக்கவில்லை. 1903-இல் அதிலிருந்து லைட்டர் கல் செய்தார்.

ஈப்போவுக்கு அருகே புக்கிட் மேராவில், 1982-இல், கணக்கு தலைகீழானது. மிட்சுபிஷி பங்குதாரராக இருந்த ஏஷியன் ரேர் எர்த் நிறுவனம் அதே மோனசைட்டிலிருந்து அரிய மண் தனிமங்களைப் பிரித்தது. தோரியம் கழிவானது. உலோகத்தில் எந்த மாற்றமும் இல்லை. மாறியது மனிதனின் தேவை. கல்பாக்கத்தில் அதே தோரியத்திலிருந்து பிறந்த யுரேனியம்-233, 1996 முதல் காமினி என்னும் சிறு அணு உலைக்கு எரிபொருள். ஓரிடத்தில் நாளைய சொத்து, இன்னோரிடத்தில் ஊருக்குப் பின்னால் கொட்டிய சுமை. கழிவு என்பது பொருளின் குணமே அல்ல, நாம் அதற்கு இடும் பெயர். அந்தப் பெயரை இடுகிறவர் ஒருவர். அதன் அருகே குடியிருப்பவர் வேறொருவர். எனக்கு ஆறாத கோபம் இதில்தான்.

தோரியம்-232 பாதியாகக் குறைய 1,400 கோடி ஆண்டுகள் ஆகும். பிரபஞ்சத்தின் வயதே ஏறத்தாழ 1,380 கோடிதான். இவ்வளவு மெதுவாகச் சிதைவதால், பாறையிலும் மணலிலும் பரவிக் கிடக்கும்வரை அது பெரும்பாலும் யாரையும் தொந்தரவு செய்வதில்லை. பிரித்து ஓரிடத்தில் குவித்தால் கதை வேறு. அதன் வழித்தோன்றல்களான ரேடியமும் தோரான் வாயுவும் அங்கே சேரும். தூசு மூச்சோடு நுரையீரலுக்குள் போகும்.

புக்கிட் மேரா மக்கள் எண்மர் 1985-இல் வழக்குத் தொடுத்தார்கள். பிள்ளைகளின் நோய்க்குக் கதிர்வீச்சே காரணம் என்றார்கள், நிறுவனம் மறுத்தது. பினாங்கிலிருந்து துணை போனவர்களில் நம்மவர்கள் உண்டு: பினாங்கு பயனீட்டாளர் சங்கத்தின் எஸ்.எம். முகமது இத்ரிஸ், வழக்கறிஞர் மீனாட்சி ராமன். 1992-இல் ஈப்போ உயர் நீதிமன்றம் ஆலையை மூடச் சொன்னது. அந்தத் தீர்ப்பின் தலைப்பில் முதல் வாதியின் பெயரை அடுத்து ‘காலமானவர்’ என்று அடைப்புக்குறிக்குள் அச்சாகியிருக்கிறது. மறு ஆண்டே உச்ச நீதிமன்றம் தீர்ப்பைப் புரட்டியது. ஆனாலும் 1994-இல் ஆலை தானே மூடிக்கொண்டது. துப்புரவுக்கு ஏறத்தாழ 10 கோடி அமெரிக்க டாலர் செலவாயிற்று. கழிவு கிளேடாங் மலையில் புதைக்கப்பட்டது.

இன்று மலேசியா மறுபடியும் அரிய மண் தனிமங்களைப் பற்றி ஆவலோடு பேசுகிறது. காந்தங்களுக்கும் மின்கார்களுக்கும் அவை வேண்டும், மறுக்கவில்லை. ஆனால் உரிமம் கேட்டு யார் வந்தாலும், எவ்வளவு லாபம், எத்தனை வேலை என்று கேட்பதற்கு முன்னால், தோரியத்தை எங்கே வைப்பீர்கள், யார் காவல் இருப்பார்கள் என்று கேளுங்கள். பதிலை எழுத்தில் வாங்குங்கள்.