வெட்டும் கையின் நியாயம்

பிறர் துயரத்தின் முன் காமிராவை நிறுத்த உனக்கு என்ன உரிமை என்று டாகுமெண்டரி எடுப்பவனைக் கேட்கிறோம். இதைவிடச் சிக்கலான கேள்வி எடிட்டரிடம் கேட்கப்பட வேண்டியது. டைரக்டர் அந்த மனிதரை நேரில் கண்டவன், அனுமதியாவது கேட்டிருப்பான். எடிட்டருக்குக் கிடைப்பது ஃபிலிம் சுருள் மட்டுமே. தான் சந்தித்திராத ஒருவரின் பேச்சை எங்கே நிறுத்துவது, மௌனத்தை எவ்வளவு நேரம் விட்டுவைப்பது என்று அவர் இல்லாத அறையில் தீர்மானிக்க வேண்டும்.

ஜெர்மானிய எடிட்டர் பெயாட்டே மைங்கா-யெல்லிங்ஹவுஸை (பிறப்பு 1936) முன்வைத்து இதை யோசிக்கிறேன். அலெக்ஸாண்டர் க்ளூகேயின் 'நேற்றிலிருந்து விடைபெறுதல்' (1966), 'தேசபக்தை' (1979), வெர்னர் ஹெர்ஸாக்கின் 'அகிர்ரே' (1972), 'லா சூஃப்ரியேர்' (1977) எல்லாம் அவர் கைபட்டவை. க்ளூகேயிடம் புகைப்படம், எழுத்து, பழைய படத்துணுக்கு எல்லாம் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு நிற்கின்றன. இரண்டுக்கும் இடையிலுள்ள வெற்றிடத்தில்தான் அர்த்தம் பிறக்கிறது. ஹெர்ஸாக்கிடம் ஒரே காட்சி, நம் பொறுமையைச் சோதித்தபடி, நீண்டுகொண்டே போகிறது. எதிரெதிரான இந்த இரு சுபாவங்களுக்கும் ஒரே கை உழைத்திருக்கிறது. எடிட்டருக்கென்று ஒரு பாணியைத் தேடும் விமர்சனம் இங்கே தோற்றுவிடுகிறது.

ஹெர்ஸாக்கின் முதல் நீளப்படமான 'வாழ்வின் அறிகுறிகள்' (1968) தயாரானபோது, ஒரு சுருளை ஓட்டிப் பார்த்துவிட்டு, இது உதவாது என்று குப்பையில் எறிந்தாராம் இவர். சில வாரங்கள் கழித்து, அவர் செய்தது சரி என்று கண்டதாக ஹெர்ஸாக்கே சொல்லியிருக்கிறார். படமெடுக்கப் பட்ட பாட்டுக்கு எடிட்டர் கடன்பட்டவரல்ல. திரையில் இருப்பதற்கு மட்டுமே கடன்பட்டவர். வங்கியில் செக்கைப் பாஸ் செய்யும் நான், எழுதியவரின் முகத்தையா பார்க்கிறேன்? கையெழுத்தைப் பார்க்கிறேன். நேரில் அறியாமை இங்கே ஒருவகை நேர்மை.

இந்த நேர்மை போதுமா? 'மௌனமும் இருளும் சூழ்ந்த நாடு' (1971) அப்படிக் கேட்க வைக்கிறது. இதையும் தொகுத்தவர் இவரே. பார்வையும் செவியும் இழந்த ஃபீனி ஷ்ட்ராவ்பிங்கர், தன்னைப் போன்றவர்களைத் தேடிப்போய், அவர்கள் உள்ளங்கையில் விரலால் தொட்டுத் தொட்டுப் பேசுகிறார். படத்தின் தொடக்கத்தில், சிறுவயதில் தான் கண்ட பனிச்சறுக்கு வீரர்களைப் பற்றி ஒரு நினைவு சொல்லப்படுகிறது. வீரர்கள் காற்றில் மிதக்கிறார்கள். அந்த நினைவு அவருடையதல்ல, தான் எழுதியது என்று ஹெர்ஸாக் பிற்பாடு ஒப்புக்கொண்டார். ஆழ்ந்த உண்மைக்காக இட்டுக்கட்டலாம் என்பது அவர் கட்சி. ஃபீனி அந்த வாக்கியத்துக்கு இசைந்திருந்தாலும்கூட, அது எந்தப் பிம்பத்தோடு ஒட்டப்பட்டது என்பதை அவர் எப்படிப் பார்த்திருக்க முடியும்? தன் படத்தைத் தானே சரிபார்க்க முடியாத ஒருவரின் வாயில் நம்முடைய கவிதையை வைப்பது, அது எவ்வளவு அழகாயிருந்தாலும், சுரண்டல் என்றே எனக்குப் படுகிறது.

அதே படத்தின் இறுதிக்கு வருவோம். பார்வையும் செவியுமற்ற ஒரு மனிதர் கூட்டத்திலிருந்து விலகி நடக்கிறார். ஒரு கிளை தட்டுப்படுகிறது. தடவுகிறார், அடிமரத்தைத் தேடிப்போய் அணைத்துக்கொள்கிறார். யாரும் விளக்கம் சொல்வதில்லை. அவசரப்பட்ட எந்த வெட்டும் அந்த மரத்தை ஒரு குறியீடாக்கியிருக்கும். வெட்டாததனால் அது மரமாகவே இருக்கிறது. அவருடைய நேரம் அவருடையதாகவே இருக்கிறது.

முதற்காட்சியின் பொய்யை இந்தக் கடைசிக் காட்சி ஈடுசெய்துவிடாது. அழகியல் வரவை வைத்துத் தார்மீகப் பற்றைத் தீர்க்க முடியாது. ஆனால் எடிட்டரின் நியாயம் எதில் இருக்கிறது என்பதை அது காட்டிவிடுகிறது: தன்னால் செய்ய முடிந்ததைச் செய்யாமல் விடுவதில். அப்படி விட்டதற்குப் பெயர்ப்பட்டியலில் தனியாக ஒரு வரி கிடையாது.