கூலிக்கு எழுதிய இருவர்

புதுமைப்பித்தனைச் சினிமா கொன்றது என்று சொல்லிக்கொள்கிறோம். 'அவ்வையார்' படத்துக்கு எழுதியது, 'காமவல்லி'க்கு வசனம், சொந்தப் படம் எடுக்க முயன்றது, 'ராஜமுக்தி'க்காகப் பூனா போனது, க்ஷயம், 1948 ஜூன் 30, திருவனந்தபுரம். இந்த வரிசையில் ஒரு தண்டனையின் தர்க்கம் இருப்பதுபோல் நமக்குப் படுகிறது. குற்றம் எது? கூலிக்கு எழுதியதா? பத்திரிகை ஆபீஸில் அவர் மொழிபெயர்த்துத் தள்ளியதும் கூலிக்குத்தான். அதற்காக யாரும் ஒப்பாரி வைக்கவில்லை.

மணிக்கொடிக்காரர்களில் இன்னொருவர் இளங்கோவன் என்கிற தணிகாசலம். 1937இல் 'அம்பிகாபதி', 1942இல் 'கண்ணகி', 1944இல் 'ஹரிதாஸ்'. தமிழ் தெரியாத டைரக்டர் எல்லிஸ் டங்கன் 'ரோமியோ அண்ட் ஜூலியட்'டைக் காட்ட, அந்தக் காதலைச் சோழன் அரண்மனைக்குள் தமிழில் பேசவைத்தவர். ஜனங்கள் பாட்டுக்கு நடுவே வசனத்துக்கும் காதுகொடுக்கத் தொடங்கியது அவர் காலத்தில்தான். சினிமாவில் ஜெயித்தார். ஆகவே நம் இலக்கியப் பேச்சில் அவருக்கு ஒரு அடிக்குறிப்புப் போடவும் கை வருவதில்லை.

இருவரும் செய்த காரியம் ஒன்று, தீர்ப்பு வேறு. பெர்னார்ட் வில்லியம்ஸ் 1976இல் எழுதிய 'மாரல் லக்' கட்டுரையில் ஓவியர் கோகன் வருகிறார், குடும்பத்தை உதறிவிட்டுக் கலையைத் தேடிப் போகிறவராக. போன காரியம் பலித்தால்தான் போனதற்கு நியாயம் கிடைக்கும். புறப்படும்போது அது அவர் கையில் இல்லை. நாம் இதைத் தலைகீழாக்கியிருக்கிறோம். தோற்றவன் புனிதன், பலித்தவன் விலைபோனவன்.

எக்கியார்குப்பத்தில் இருக்கிற எனக்கு மரக்காணத்து உப்பளம் பழகிய காட்சி. எதிர்பாராத மழை ஒரு ராத்திரி பெய்தால் பாத்தியில் விளைந்தது கரைந்துபோகும். பாடுபட்டவன் வேலையில் அதனால் குறை வந்துவிடாது. மழைக்கு முன்பே வாரிவிட்டவன் அயோக்கியனும் ஆகிவிட மாட்டான்.

வசனம் உப்பு அல்ல என்பது தெரியும். யார் வாய்க்கு, எந்த முதலாளியின் சௌகரியத்துக்கு எழுதினாய் என்ற கேள்வி எழுத்தாளனுக்கு உண்டு, கட்டாயம் உண்டு. ஆனால் அதற்குப் பதில் எழுத்தில் கிடக்கிறது. 'ஹரிதாஸ்' வசனத்தை வரிவரியாகக் கேட்டு, எங்கே மொழி உயிரோடிருக்கிறது, எங்கே வெறும் ஓசை என்று சொல்ல வேண்டும். புதுமைப்பித்தனின் சினிமா எழுத்தையும் அதே காதால் கேட்க வேண்டும், அவர் மரணத்தைச் சாட்சிக்கு இழுக்காமல்.

புதுமைப்பித்தனைப் பற்றி மூன்று கட்டுரை எழுதிவிட்டேன். மூன்றிலும் அந்த க்ஷயம் வருகிறது. இளங்கோவனைப் பற்றி எழுதுவது இதுதான் முதல் தடவை.