கூலி கொடுத்தால் கடன் தீருமா?

உடலால் உழைத்த ஒருவருக்குப் பேசிய கூலியைப் பேசியபடி கொடுத்துவிட்டோம். அத்துடன் அவருக்கும் நமக்கும் உள்ள கணக்குத் தீர்ந்துவிட்டதா? அன்பார்ந்த வாசகர்களே, தோட்டத்துப் பிரட்டுக்களத்தில் எழவேண்டிய இந்தக் கேள்வியை இன்று ஒரு விளையாட்டு மைதானத்தில் நின்று கேட்டுப் பார்ப்போம். றக்பி விளையாட்டைத் தொழிலாகக்கொண்டு, அதன் முன்வரிசையில் நின்று பிழைத்த வீரர்களின் வாழ்வு இக்கேள்விக்குப் புதியதொரு வெளிச்சம் தருகிறது.

தூரத்து நாட்டு விளையாட்டு என்று இதை ஒதுக்கிவிட வேண்டாம். 'றகர்' என்று நம்மவர் பலர் சொல்லும் இவ்விளையாட்டு நமது மலைகளில் நூறு ஆண்டுகளுக்கு மேலாக ஆடப்பட்டு வருகிறது. நானுஓயாவுக்கும் தலவாக்கலைக்கும் இடையே ரதல்லவில் டிம்புல கழகத்தின் மைதானம் இருக்கிறது. டிக்கோயாவை அடுத்த தரவளையில் டிக்கோயா–மஸ்கெலியா கழகத்தின் மைதானம் இருக்கிறது. இரண்டும் தோட்டங்களை நடத்திய பிரித்தானியத் துரைமார் தங்கள் விளையாட்டுக்கென உண்டாக்கிய கழகங்கள். கண்டியில் கிங்ஸ்வூட் கல்லூரியை நிறுவிய லூயிஸ் எட்மண்ட் பிளேஸ் 1891இல் மாணவர்களுக்கு இதைக் கற்றுக்கொடுத்தார். 1906இல் அக்கல்லூரியும் திருத்துவக் கல்லூரியும் மோதியதே நம் நாட்டில் இரு பாடசாலைகளுக்கிடையே நடந்த முதல் றக்பி ஆட்டம். 1908இல் இலங்கைக்கென ஒரு றக்பி சங்கமும் அமைந்தது.

அக்காலத்து றக்பிக்குக் கண்டிப்பான ஒரு விதி உண்டு. காசு வாங்கிக்கொண்டு எவரும் ஆடக்கூடாது. விளையாட்டு விளையாட்டுக்காகவே என்பது கொள்கை. கேட்பதற்கு எவ்வளவு உயர்ந்த இலட்சியம்! ஆனால் அது யாருக்குச் சாத்தியம்? ஆடினாலும் ஆடாவிட்டாலும் மாதச் சம்பளம் குறையாத துரைக்குச் சாத்தியம். அன்றன்றைக்குப் பேர் விழுந்தால்தான் அடுப்பெரியும் என்றிருந்த தொழிலாளிக்கு அது சாத்தியமா? அளவுக்குக் கொழுந்து எடுக்காவிட்டால் அரைப்பேர் என்ற சட்டம் இருந்த இடத்தில், இலட்சியத்துக்காக ஒரு நாளை யாரால் விட்டுக்கொடுக்க முடியும்?

இதே கேள்வி இங்கிலாந்திலேயே எழுந்தது. அந்நாட்டின் வடபகுதியில் சுரங்கங்களிலும் ஆலைகளிலும் உழைத்தவர்கள் சனிக்கிழமையும் வேலைக்குப் போனார்கள். ஆட்டத்துக்குப் போனால் அந்த நேரத்துக் கூலி போய்விடும். "ஆடுவதற்குச் சம்பளம் வேண்டாம், இழந்த கூலியையாவது ஈடுசெய்யுங்கள்" என்பதே அவர்களுடைய கழகங்கள் வைத்த கோரிக்கையின் சாரம். 1893இல் அது மறுக்கப்பட்டது. 1895 ஆகஸ்ட் 29ஆம் திகதி ஹடர்ஸ்ஃபீல்ட் நகரில் இருபதுக்கு மேற்பட்ட கழகங்கள் கூடி, பிரிந்துபோய்த் தனிச் சங்கம் அமைத்தன. பிரிந்தவர்களின் ஆட்டம் பின்னர் 'றக்பி லீக்' எனப் பெயர் பெற்றது. பழைய சங்கத்தின் ஆட்டம் 'றக்பி யூனியன்' ஆயிற்று. யூனியன் என்றதும் நம் தோட்டத்துத் தொழிற்சங்கத்தை நினைத்துவிட வேண்டாம். கூலி என்ற பேச்சையே அடுத்த நூறு ஆண்டுகளுக்கு அனுமதிக்காத யூனியன் இது! நம் நாட்டில் வேரூன்றியதும் இதுவே. 1995 ஆகஸ்டில்தான் அதன் சர்வதேசச் சபை பாரிஸ் நகரில் கூடி அந்தத் தடையை நீக்கியது.

ஆக, கூலி வந்தது. நியாயமும் வந்ததா?

முன்வரிசை வீரரின் வேலை என்னவென்று முதலில் பார்ப்போம். ஓர் அணியில் பதினைந்து பேர். அவர்களில் ஒன்று முதல் எட்டு வரை இலக்கமிட்ட சட்டை அணிந்தவர்களே முன்வரிசையினர். பந்தை ஏந்திக்கொண்டு மின்னலென ஓடிக் கைதட்டல் வாங்குகிறவர்கள் பெரும்பாலும் பின்வரிசையினர். அந்தப் பந்தை முட்டி மோதிப் பெற்றுக்கொடுப்பவர்கள் முன்வரிசையினர். 'ஸ்க்ரம்' என்ற நிலையில் எட்டுப் பேரும் தோளோடு தோள் பிணைந்து, தலையைத் தாழ்த்தி, எதிரணியின் எட்டுப் பேரைத் தள்ள வேண்டும். சர்வதேச ஆட்டத்தில் ஒரு பக்கத்து எட்டுப் பேரின் எடை ஏறக்குறைய 900 கிலோ. அந்தப் பாரமெல்லாம் முன்னால் நிற்கும் மூவரின் கழுத்திலும் தோளிலும் வந்து இறங்குகிறது. ஆட்ட நாளில் மட்டுமல்ல, வாரந்தோறும் பயிற்சியிலும் அப்படித்தான். காசு வந்த பிறகு ஆட்டம் தொழிலாயிற்று. தொழிலான பிறகு உடல்கள் பெருத்தன, பயிற்சி கூடியது, மோதல் வலுத்தது.

ஸ்டீவ் தொம்சன் என்பவர் இங்கிலாந்து அணியில் அந்த மூவரின் நடுவில் நின்றவர். நாட்டுக்காக 73 ஆட்டங்கள் ஆடினார். 2003 நவம்பர் 22ஆம் திகதி சிட்னி நகரில் அவுஸ்திரேலியாவை 20–17 என்று வென்று உலகக் கிண்ணத்தைக் கைப்பற்றிய அணியில் அவரும் ஒருவர். 2020இல், தமது 42ஆவது வயதில், முதியோருக்கு வரும் மறதி நோய் தமக்கு வந்துவிட்டதாக அவர் பகிரங்கமாகத் தெரிவித்தார். உலகக் கிண்ணத்தை வென்ற அந்த ஆட்டமே தம் நினைவில் இல்லை என்றார். நியூசிலாந்தின் கார்ல் ஹேமன் முன்வரிசை மூவரில் ஓரத்தில் நின்றவர், நாட்டுக்காக 45 ஆட்டங்கள் ஆடியவர். பின்னர் இங்கிலாந்திலும் பிரான்சிலும் கழகங்களுக்காக ஆடினார். உலகிலேயே மிகக் கூடுதலான சம்பளம் பெறும் றக்பி வீரர்களில் ஒருவர் என்று பத்திரிகைகள் அவரை எழுதின. 2021இல், 41ஆவது வயதில், அவருக்கும் அதே நோய் என்ற செய்தி வெளிவந்தது.

இது ஓரிருவரின் விதி மட்டும்தானா? 2022இல் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்து ஆய்வாளர்கள் ஸ்கொட்லாந்துக்காக ஆடிய 412 முன்னாள் வீரர்களின் உடல்நல விவரங்களை, அதே வயதும் சூழலும் உள்ள பொதுமக்களோடு ஒப்பிட்டார்கள். மறதி நோய் இந்த வீரர்களிடையே இரு மடங்குக்குச் சற்று மேலாகக் காணப்பட்டது. முன்வரிசைக்கும் பின்வரிசைக்கும் இதில் வேறுபாடு தெரியவில்லை என்பதையும் நேர்மையாகச் சொல்லிவிட வேண்டும். பாரம் முன்வரிசைக்கு அதிகம் என்றாலும், மோதலின் விலையை எல்லோருமே கொடுத்திருக்கிறார்கள்.

"அவர்கள் விரும்பித்தானே போனார்கள்? கைநிறையச் சம்பளமும் வாங்கினார்களே!" என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். தொம்சனையும் ஹேமனையும் யாரும் கட்டாயப்படுத்தவில்லை. அவர்கள் ஆட்டத்தை நேசித்தார்கள். புகழும் பணமும் பெற்றார்கள். ஆனால் ஒருவர் சம்மதித்தார் என்று சொல்ல வேண்டுமானால், எதற்குச் சம்மதிக்கிறோம் என்பதை அவர் அறிந்திருக்க வேண்டுமன்றோ? எலும்பு முறியலாம், கழுத்துப் பிசகலாம் என்று தெரிந்துதான் அவர்கள் களமிறங்கினார்கள். நாற்பது வயதில் தம் நினைவே தம்மைக் கைவிடும் என்று தெரிந்தா இறங்கினார்கள்? ஆபத்தை அறிந்திருந்தும் தங்களைப் போதிய அளவு பாதுகாக்கவில்லை என்று கூறியே, முன்னாள் வீரர்கள் பலர் 2020 முதல் உலக றக்பி அமைப்பு மீதும், இங்கிலாந்து, வேல்ஸ் சங்கங்கள் மீதும் சட்ட நடவடிக்கையில் இறங்கினார்கள். பிழை யாருடையது என்று நீதிமன்றம் சொல்லட்டும். நாம் நம் மனச்சாட்சியைக் கேட்போம்.

காயங்களில் இரண்டு வகை உண்டு. ஒன்றுக்குத் திகதி உண்டு, மற்றதற்குத் திகதி இல்லை. இன்ன நாளில், இன்ன இடத்தில், இன்னார் பார்த்திருக்கக் கால் முறிந்தது என்றால் அதற்கு நட்டஈடு கேட்கலாம். நம் நாட்டில் 1934 முதலே அதற்குச் சட்டம் உண்டு. ஆனால் தொம்சனின் நினைவு எந்த மோதலில் போயிற்று? ஆயிரக்கணக்கான மோதல்களில் எது முதல், எது கடைசி? ஒவ்வொன்றும் அன்றைக்குச் சிறியது. துடைத்துக்கொண்டு எழுந்து நின்று, அடுத்த ஸ்க்ரமுக்குத் தலையைக் கொடுத்திருப்பார். எல்லாம் சேர்ந்து அவரை விழுங்கியபோது, அதைக் காட்ட ஒரு திகதி இல்லை.

இப்பொழுது நம் வீட்டைப் பார்ப்போம். இருபது வயதில் மலையேறத் தொடங்கி, மழையிலும் பனியிலும் கொழுந்து பறித்து, கூடையைச் சுமந்து இறங்கி, ஐம்பதைத் தாண்டிய தாய்மார் நம் லயங்களில் எத்தனை பேர்! படியேற முழங்கால் விடுவதில்லை. குனிந்தால் நிமிர இடுப்பு விடுவதில்லை. எந்த நாளில் வந்த வலி அது? எந்த மலையில், எத்தனையாவது நிரையில்? கேட்டால் அவர்களே சிரிப்பார்கள். பேர் போட்ட நாளுக்கெல்லாம் சம்பளம் வந்தது உண்மை. ஆயினும் அந்த முழங்கால் எந்தச் சம்பளச் சீட்டிலும் எழுதப்படவில்லை.

நாட்கூலியோடு கணக்குத் தீராது என்பதை நம் சட்டங்களே ஒருவாறு ஒப்புக்கொள்கின்றன. 1958இல் ஊழியர் சேமலாப நிதியும், 1980இல் ஊழியர் நம்பிக்கை நிதியமும், 1983இல் பணிக்கொடைச் சட்டமும் வந்தது ஏன்? ஒரு நாள் வேலைக்கு ஒரு நாள் கூலி என்பதற்கு மேலும் ஏதோ ஒன்று கொடுபட வேண்டியிருக்கிறது என்பதனால் அல்லவா? ஆனால் இவை சேவை செய்த ஆண்டுகளைத்தான் எண்ணுகின்றன. தேய்ந்த உடலை எண்ணுவதில்லை.

கூலி என்பது செய்த வேலைக்கு விலை. செய்தவரின் உடலுக்கு அது விலையல்ல. உடலை எவரும் விற்கவில்லை, எவரும் வாங்கவுமில்லை. வேலையின் பயனை நாம் எடுத்துக்கொள்ள, தேய்மானம் மட்டும் அவரிடம் தங்கிவிடுகிறது. பயனைப் பெற்றவர் அந்தத் தேய்மானத்தில் பங்கேற்க மறுப்பாரானால், பேசிய கூலியை ஒரு சதம் குறையாமல் கொடுத்திருந்தாலும் அவர் கடனாளியே. கோடி கோடியாய்ப் பெற்ற ஆட்டக்காரருக்கே இது பொருந்துமென்றால், புகழும் இல்லாமல், வேறு வழியும் அதிகம் இல்லாமல் மலையேறிய தாய்க்கு எவ்வளவு அதிகமாகப் பொருந்தும்!

அப்படியானால் செய்ய வேண்டியது என்ன? முதலாவது, ஆபத்து இன்னதென்று உழைப்பவருக்கு மறைக்காமல் சொல்லுவது. இரண்டாவது, குறைக்கக்கூடிய தேய்மானத்தைக் குறைப்பது. 2013இல் ஸ்க்ரமில் இரு அணிகளும் மோதிச் சேரும் முறையை மாற்றியதனால் அந்த முதல் மோதலின் வேகம் குறைந்தது. ஆட்டம் அழிந்துபோகவில்லை. பாரத்தைக் குறைத்தால் தொழிலே நின்றுவிடும் என்று சொல்லுகிறவர்களுக்கு இது பதில். மூன்றாவது, ஓய்ந்த பிறகும் உடன் நிற்பது. இதில் கம்பனிக்கும் அரசுக்கும் தொழிற்சங்கத்துக்கும் உள்ள பொறுப்பை ஒவ்வொருவரும் அறிவோம். ஆனால் நமக்கும் ஒரு பங்கு உண்டு. அந்தத் தாயின் பேரால் படித்து, கொழும்பிலோ வெளிநாட்டிலோ உத்தியோகம் பார்க்கும் பிள்ளைகள் பயன் பெற்றவர்கள் அல்லவா? மாதம் பணம் அனுப்புவதோடு தம் கடமை முடிந்தது என்று அவர்கள் எண்ணினால், கூலியோடு கணக்கை முடித்த துரைக்கும் அவர்களுக்கும் என்ன வேறுபாடு?

பிள்ளைகளை மைதானத்துக்கு அனுப்பும் பெற்றோருக்கும் ஒரு வார்த்தை. விளையாட்டைத் தடுக்க வேண்டாம். ஒழுங்கையும் தோழமையையும் அது கற்றுத்தருகிறது. ஆனால் தலையில் அடிபட்டுத் தடுமாறிய பிள்ளையை அதே நாளில் மறுபடியும் களத்தில் இறக்க ஒருபோதும் சம்மதிக்காதீர்கள். மருத்துவரிடம் காட்டுங்கள். "ஆம்பிளைப் பிள்ளை தாங்குவான்" என்ற பேச்சுக்கு இடம் கொடாதீர்கள். கிண்ணம் அடுத்த ஆண்டும் வரும்.

ஸ்டீவ் தொம்சன் தாம் இறந்த பின் தம் மூளையை ஆராய்ச்சிக்குக் கொடுப்பதாக 2021இல் உறுதியளித்தார். தமக்குப் பின் வரும் பிள்ளைகள் பாதுகாப்பாக ஆட வேண்டும் என்ற எண்ணம் அதில் உண்டு. ஆட்டத்துக்கு உடலைக் கொடுத்தவர், யாருக்கும் எந்தக் கடனும் இல்லாதவர், இன்னும் கொடுக்க முன்வருகிறார். பெற்றுக்கொண்ட நாம் கணக்கு முடிந்துவிட்டது என்று சொல்லலாமா? இன்று மாலை தேநீர்க் கோப்பையைக் கையில் எடுக்கும்போது, வாசகரே, நம் வீட்டில் யாருடைய முழங்காலுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம் என்று ஒரு நிமிடம் எண்ணிப் பார்ப்போமாக.