ஒத்திக்குப் போன ஆண்டுகள்

கராமாவில் இருபது வருடம் இருந்த தமிழர் ஒருவரிடம் ஊரில் சொந்த வீடு இருக்கிறதா என்று கேட்டால், பெரும்பாலும் இருக்கிறது என்பார். தாம்பரத்துக்கு அப்பால், ஓ.எம்.ஆரில், கோவை சரவணம்பட்டியில், திருச்சி கே.கே. நகரில். அந்த வீட்டில் இதுவரை மொத்தம் எத்தனை இரவு தூங்கியிருக்கிறீர்கள் என்று அடுத்ததாகக் கேட்டால் கொஞ்சம் யோசிப்பார். வருடத்துக்கு ஒரு மாத விடுமுறை. அதில் மாமனார் வீடு, குலதெய்வம், கல்யாணங்கள், ஆஸ்பத்திரி போக மிச்சம். மனசுக்குள் கூட்டி ஒரு எண் சொல்வார். அந்த எண் அவரையே கொஞ்சம் திடுக்கிட வைக்கும். அவர் தினமும் தூங்குவது ஆறு பேர் இருக்கிற அறையில், பலகைத் தடுப்புக்குப் பின்னால், மாத வாடகைக்கு எடுத்த ஒரு பெட் ஸ்பேஸில்.

நான் இங்கே ஒரு சிறிய நிறுவனத்தில் கணக்கு எழுதுகிறவன். கணக்குத் தெரிந்த ஆள் என்று பெயர் வந்துவிட்டதால், விடுமுறை நாள்களில் வங்கிக் கடிதங்களோடு அறைக்கு வருகிறார்கள். “சார், மாசம் எவ்வளவு வரும், தாங்குமா, அதை மட்டும் பாத்துச் சொல்லுங்க” என்பார்கள். மாதத்துக்கு எவ்வளவு என்பதுதான் எல்லோருடைய கேள்வியும். மொத்தத்துக்கு எவ்வளவு என்று கேட்பவர் குறைவு. மொத்தம் என்றால் எதை எதையெல்லாம் கூட்டுவது என்று இதுவரை ஒருவரும் கேட்டதில்லை.

முதலில் ரூபாய்க் கணக்கைப் பார்த்துவிடலாம். ஐம்பது லட்சம் ரூபாய்க் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை 43,391 ரூபாய். முதல் மாதத் தவணையில் 35,417 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 7,974 ரூபாய். ஐந்து ஆண்டு முடியும்போது 26 லட்சம் கட்டியிருப்போம். கடன் 44 லட்சமாக நிற்கும். பத்து ஆண்டு முடியும்போது 52 லட்சம் கட்டியிருப்போம், வாங்கியதைவிட அதிகம். அப்போதும் 35 லட்சம் பாக்கி இருக்கும். அசலில் பாதி தீர்வதற்கு 13 ஆண்டும் 10 மாதமும் ஆகும். கடைசியில் கூட்டினால் 1 கோடியே 4 லட்சம். இதில் ஏமாற்று ஏதுமில்லை. மீதி அசலுக்கு மட்டுமே வட்டி என்ற நேர்மையான கணக்கு இப்படித்தான் நடக்கும். ஆரம்பத்தில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிது. சொல்லப்போனால் நாம் முதலில் வாங்குவது வீட்டை அல்ல, வீட்டை வாங்குவதற்கான கால அவகாசத்தை.

இதுவும் வட்டி மாறாமல் இருந்தால்தான். 2020 மே மாதம் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 4 சதவீதத்துக்கு இறங்கியது. இரண்டு ஆண்டு அங்கேயே இருந்தது. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. ஒருவர் 6.75 சதவீதத்தில் அதே ஐம்பது லட்சத்தை வாங்கியிருந்தால் தவணை 38,018 ரூபாய். வாங்கிய கையோடு வட்டி அதேபோல் இரண்டரை ஏறி 9.25 ஆகிவிட்டால், மாத வட்டி மட்டும் 38,542 ரூபாய். அதாவது அவர் கட்டும் முழுத் தவணையும் வட்டிக்கே போதாது. தவணையைக் கூட்டாவிட்டால் கடன் ஒருநாளும் தீராது. வட்டி ஏறும்போது தவணையைத் தொடாமல் ஆண்டுகளை நீட்டிவிடுவதே வங்கிகளின் வழக்கமாக இருந்தது. தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. அதற்கு முன்பு, 20 ஆண்டு என்று கையெழுத்துப் போட்டவருடைய கடன் அவர் கவனிக்காமலே 25 ஆண்டாக வளர்ந்திருக்க முடியும். தவணை அதே தொகையாக இருந்தால் யாரும் கவனிக்க மாட்டார்கள்.

ஆனாலும் பணத்தை மட்டும் வைத்துப் பார்த்தால் வளைகுடாத் தமிழருக்கு இது மோசமான பேரம் என்று சொல்ல மாட்டேன். திர்ஹாம் 1997 முதல் அமெரிக்க டாலரோடு கட்டப்பட்டிருக்கிறது. ஒரு டாலருக்கு 3.6725. ரூபாய் அப்படியில்லை. 2010இல் ஒரு திர்ஹாமுக்கு ஏறக்குறைய 12 ரூபாய் கிடைத்தது, 2024இல் ஏறக்குறைய 23. ரூபாயில் கடன்பட்டு திர்ஹாமில் சம்பாதிப்பவருக்கு, ரூபாய் விழ விழத் தவணையின் பாரம் குறைகிறது. மனை விலை ஏறியிருக்கலாம், வாடகை மிச்சமாகியிருக்கலாம். கூட்டிக் கழித்தால் சிலருக்கு லாபமும் உண்டு. அப்படியானால் கடனின் உண்மையான விலை எங்கே இருக்கிறது?

எனக்குத் தெரிந்த ஒருவர், மன்னார்குடிப் பக்கம். கட்டடப் பராமரிப்பு நிறுவனம் ஒன்றில் மேற்பார்வையாளர். மாதாமாதம் தீ எச்சரிக்கை மணிகளைச் சோதித்துப் படிவத்தில் கையெழுத்திட வேண்டியது அவர் வேலை. ஒரு காலத்தில் ஆள் குறைந்தது. சோதிக்காமலே சோதித்ததாகக் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். போட்டார். அந்தக் கட்டடத்தில் தீ ஏதும் பற்றவில்லை, யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. ஆனால் அவர் அதை என்னிடம் சொன்ன விதத்தை என்னால் மறக்க முடியவில்லை. “முடியாதுன்னு சொல்ல வாய் வந்துச்சு சார். அஞ்சாம் தேதி ஞாபகம் வந்துச்சு.”

ஐந்தாம் தேதி என்பது தவணை எடுக்கிற தேதி. அந்த ஒரு சொல்லில் இருக்கிறது நான் தேடிய விலை. வங்கியின் அட்டவணையில் அசல் என்று ஒரு பத்தி, வட்டி என்று ஒரு பத்தி, மீதி என்று ஒரு பத்தி இருக்கிறது. ‘முடியாது’ என்று சொல்கிற உரிமைக்குப் பத்தி இல்லை. அது முதல் மாதமே கழிக்கப்பட்டுவிடுகிறது. கெட்ட முதலாளியை விட்டு விலகுவது, அப்பா படுக்கையில் கிடக்கும்போது மூன்று மாதம் ஊரில் தங்குவது, பிள்ளை பத்தாம் வகுப்புக்கு வருகிற வருடம் திரும்பிப் போவது, எல்லாமே அந்த உரிமையைச் சேர்ந்தவைதான். இங்கே தனியார் வேலைக்கான குடியிருப்பு விசா பொதுவாக இரண்டு ஆண்டுக்குத் தருகிறார்கள். அதுவும் வேலை தருபவரோடு கட்டப்பட்டது. இருபது ஆண்டுக் கடன் என்றால் அப்படிப்பட்ட பத்து விசாக்கள். பத்து முறையும் நம்மை வேண்டாம் என்று யாரும் சொல்லக் கூடாது, நாமும் சொல்லக் கூடாது.

டொராண்டோவிலும் லண்டனிலும் வீட்டுக்கடன் கட்டுகிற வாசகர்கள் இதை வேறு விதமாக அறிவார்கள். 2020, 2021இல் மிகக் குறைந்த வட்டிக்கு எடுத்த கடனை இரண்டோ ஐந்தோ ஆண்டு கழித்து உயர்ந்த வட்டியில் புதுப்பித்தவர்களுக்கு நான் சொல்லித் தர ஒன்றுமில்லை. ஆனால் அவர்கள் தவணை கட்டும் கூரைக்குக் கீழேதான் தூங்குகிறார்கள். இங்கே வீடும் தவணையும் சேர்ந்து இருக்க முடிவதில்லை. 2020இல் அது அப்பட்டமாகத் தெரிந்தது. வேலை போனவர்கள் மே மாதம் முதல் வந்தே பாரத் விமானங்களில் ஊர் திரும்பினார்கள். சிலர் அப்போதுதான் முதல்முறையாகச் சொந்த வீட்டில் மாதக்கணக்கில் இருந்தார்கள். வீட்டில் இருக்கலாம், தவணை கட்ட முடியாது. தவணை கட்டலாம், வீட்டில் இருக்க முடியாது. ரிசர்வ் வங்கி ஆகஸ்ட் வரை தவணைகளைத் தள்ளிவைக்க அனுமதித்தது. வட்டியை அது நிறுத்தவில்லை.

நம் ஊரில் ஒத்தி என்று ஒரு பழைய ஏற்பாடு உண்டு. யாழ்ப்பாணத்தில் ஒற்றி என்பார்கள். 1707இல் டச்சுக்காரர் காலத்தில் தொகுக்கப்பட்ட தேசவழமைச் சட்டத்திலும் அது இருக்கிறது. நிலத்தைக் கடன் கொடுத்தவரிடம் விட்டுவிட வேண்டும். அவர் வட்டி கேட்க மாட்டார். வட்டிக்குப் பதில் விளைச்சலை எடுத்துக்கொள்வார். அசலைத் திருப்பிக் கொடுத்தால் நிலம் திரும்பி வரும். வீட்டுக்கடனைப் பற்றி யோசிக்கும்போதெல்லாம் எனக்கு இந்த ஒத்திதான் நினைவுக்கு வருகிறது. நாம் வீட்டை அடமானம் வைத்ததாக நினைக்கிறோம். வீடு அங்கேயே இருக்கிறது, அதில் நம் மனிதர்களோ வாடகைக்காரர்களோ குடியிருக்கிறார்கள். ஒத்திக்குப் போனது நம்முடைய ஆண்டுகள். முப்பத்தைந்திலிருந்து ஐம்பத்தைந்து வரை விளைந்ததை வேறு யாரோ அறுத்துக்கொள்கிறார்கள். நிலமாக இருந்தால் மீட்ட பிறகு மறுபடி விதைக்கலாம்.

அப்படியானால் தன் ஆண்டுகளை ஒருவர் ஒத்தி வைப்பது தவறா? தவறென்று எனக்குத் தோன்றவில்லை. வருங்காலத்தைக் கட்டிப்போடாத நல்ல காரியம் எது? கல்யாணமும் பிள்ளையும் அப்படிப்பட்டவைதான். தமிழில் கடன் என்ற சொல்லுக்குக் கடமை என்றும் பொருள் இருப்பது தற்செயல் அல்ல. நேர்த்திக்கடன், பிதிர்க்கடன் என்கிறோம். வாடகை வீடு தேடிப் போகும்போது “நீங்க எந்த ஆளுங்க?”, “அசைவம் சமைப்பீங்களா?” என்று கேட்கப்பட்ட குடும்பத்துக்கு, யாருக்கும் பதில் சொல்லத் தேவையில்லாத நான்கு சுவர் என்பது ஆடம்பரமில்லை. அந்தச் சுவருக்காக ஒருவர் கராமாவில் பலகைத் தடுப்புக்குப் பின்னால் தூங்கினால் அதை முட்டாள்தனம் என்று சொல்ல எனக்கு வாய் வராது.

ஆனால் அதே சொல்லை வைத்து ‘கடனே என்று செய்தான்’ என்றும் சொல்கிறோம். மனசு இல்லாமல், தட்ட முடியாமல் செய்வது. கடமை எந்த இடத்தில் கடனேயாக மாறுகிறது என்பதுதான் கேள்வி. எனக்குப் படுவது இது: எவ்வளவு கொடுக்கிறோம் என்று தெரிந்து, அதைக் கொடுக்கச் சம்மதித்த வரைக்கும் அது கடமை. தெரியாமல் கொடுத்த பகுதியும், நமக்குச் சொந்தமில்லாததைக் கொடுத்த பகுதியும் கடமையில் சேராது. கடன் பத்திரத்தில் கணவன் கையெழுத்து இருக்கும், பல சமயம் மனைவியின் கையெழுத்தும் இருக்கும். அப்பாவை வருடத்துக்கு முப்பது நாள் மட்டும் பார்க்கப்போகிற பிள்ளையின் கையெழுத்து இருக்காது. “இன்னும் ரெண்டு வருஷம்” என்று சொல்லிச் சொல்லி வளர்க்கப்பட்ட அந்தப் பிள்ளையிடமிருந்தும் ஆண்டுகள் எடுக்கப்பட்டிருக்கின்றன.

இங்கே இருக்கும் கீழக்கரை, காயல்பட்டினம் நண்பர்கள் பலர் வட்டிக்கடனை மார்க்க நெறிப்படி ஒதுக்குகிறவர்கள். அவர்களில் சிலர் வீடு கட்டும் முறையைக் கவனித்திருக்கிறேன். ஒரு விடுமுறையில் அஸ்திவாரம், அடுத்ததில் சுவர், காசு சேர்ந்ததும் கூரை. மாடியில் கம்பிகள் வானத்தைப் பார்த்து நீட்டிக்கொண்டு பல வருடம் நிற்கும். மெதுவான வழிதான், சிமெண்ட் விலையும் கூலியும் அதற்குள் ஏறிவிடும். ஆனால் வேலை போனால் வீடு நின்ற இடத்தில் நிற்கும், ஆள் தப்பித்துவிடுவார். எல்லோருக்கும் இது ஒத்துவரும் என்று சொல்ல வரவில்லை. அவர்கள் வீடு அவர்கள் வாழ்க்கையின் வேகத்துக்கு வளர்கிறது என்பதைத்தான் சொல்கிறேன்.

வங்கி நம் சம்பளத்தைப் பார்த்து, எவ்வளவு கடன் தாங்கும், எத்தனை ஆண்டு ஆகும் என்று போடுகிறது. இந்தக் கணக்கைத் தலைகீழாகப் போடச் சொல்கிறேன் என்னிடம் வருகிறவர்களிடம். முதலில் ஊர் திரும்பும் வருடத்தை முடிவு செய்யுங்கள். அதற்குள் தீரும் கடன் எவ்வளவோ அதற்கு வீடு தேடுங்கள். மேலே சொன்ன 43,391 ரூபாய்த் தவணையை இருபது ஆண்டு கட்டினால் ஐம்பது லட்சம் கிடைக்கிறது. அதே தவணையைப் பத்து ஆண்டு மட்டும் கட்டுவதாக இருந்தால் 35 லட்சம் கிடைக்கும். வித்தியாசம் 15 லட்சம். ஒரு மூன்றாவது படுக்கையறை, கார் நிறுத்த ஓர் இடம். அதற்கு விலை இரண்டாவது பத்து ஆண்டு முழுவதும், பணமாகச் சொன்னால் 52 லட்சம். மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைத்தால் தனிநபரிடம் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012இலேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குச் சொல்லிவிட்டது. ஆகவே ஏற்கெனவே மாட்டிக்கொண்டவர்களுக்கும் வழி அடைபடவில்லை. ஊதியம் உயர்ந்தால் அந்த உயர்வை அசலில் போடலாம்.

இன்னொன்றும் சொல்வேன். கடன் அட்டவணையை வீட்டுக்கு அனுப்புங்கள். இருநூற்று நாற்பது வரிகளையும். அன்பினால்தான் பலர் அதை மறைக்கிறார்கள், தெரிந்தால் அவர்கள் மனசு கஷ்டப்படும் என்று. ஆனால் பதினான்கு வயதுப் பிள்ளைக்கு அந்த அட்டவணையை வாசிக்கத் தெரியும். மூன்றாவது அறை வேண்டுமா, அப்பா பத்து ஆண்டு முன்னால் வர வேண்டுமா என்று கேட்டால் அது என்ன சொல்லும் என்று நமக்கு நிச்சயமாகத் தெரியாது. அறைதான் வேண்டும் என்றுகூடச் சொல்லலாம். ஆனாலும் ஒத்தி வைக்கப்படுவதில் ஒரு பங்கு அதனுடையது, கேட்டுவிட்டுத்தான் வைக்க வேண்டும்.