பிணை

ஓசூரில் வாடகைக்கு வீடு எடுத்துக்கொண்டு எலெக்ட்ரானிக் சிட்டிக்கு வேலைக்குப் போய்வரும் கூட்டத்தில் நானும் ஒருவன். எங்கள் டீமில் மொழிச் சண்டை எதிலிருந்து ஆரம்பித்தாலும், காவிரியோ சினிமா ரிலீஸோ ஆட்டோ வாடகையோ, கடைசியில் ஒரே வாக்கியத்தில்தான் வந்து நிற்கும். "அங்க எங்க ஆளுங்களை எப்படி நடத்துறாங்களோ, அப்படித்தான் இங்க அவங்களை நடத்தணும்." தமிழர்களும் சொல்வார்கள், கன்னடர்களும் சொல்வார்கள். சுருதி மட்டும் கொஞ்சம் மாறும்.

கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. பதிலுக்குப் பதில். ஆனால் இதில் யார் செய்ததற்கு யார் பதில் சொல்கிறார் என்று பார்த்தால் நியாயம் கழன்றுவிடுகிறது. பெங்களூரில் ஒரு தமிழரை அடித்தவன் வேறு ஆள். அதற்காக இங்கே பயந்து கடையைச் சாத்துகிற கன்னடர் வேறு ஆள். இருவருக்கும் பொதுவாக இருப்பது வீட்டில் பேசும் மொழி மட்டும்தான்.

இப்படி வைத்துக்கொள்ளப்படும் மனிதனுக்குப் பழைய சொல் ஒன்று உண்டு: பிணை. இந்த நிலம் கைமாறியதே அப்படி ஒரு பிணையோடுதான். 1792 மார்ச்சில், சீரங்கப்பட்டண உடன்படிக்கையில், திப்பு சுல்தான் தன் ராஜ்ஜியத்தில் பாதியை விட்டுக்கொடுத்தார். கிழக்கிந்தியக் கம்பெனிக்குப் பங்காக வந்தவற்றில் பாராமகாலும் ஒன்று. இன்றைய கிருஷ்ணகிரி அதற்குள்தான் இருந்தது. (ஓசூர்ப் பக்கம் 1799-ல் திப்பு வீழ்ந்த பிறகு வந்தது.) நஷ்டஈடு 3 கோடியே 30 லட்சம் ரூபாய். உடன்படிக்கை நிறைவேறுவதற்குப் பிணையாகத் திப்புவின் இரண்டு மகன்கள் காரன்வாலிஸிடம் ஒப்படைக்கப்பட்டார்கள். சின்னப் பையன்கள். சென்னையில் இருந்துவிட்டு 1794-ல்தான் அப்பாவிடம் திரும்பினார்கள். அவர்களை மரியாதையாகத்தான் வைத்திருந்தார்கள். பிரிட்டிஷ் ஓவியர்கள் அந்த ஒப்படைப்புக் காட்சியைப் போட்டி போட்டுக்கொண்டு வரைந்தார்கள், காரன்வாலிஸ் பாசமுள்ள பெரியப்பா மாதிரி நிற்பார். இருந்தாலும் பிணை பிணைதான். அந்தப் பையன்கள் என்ன செய்தார்கள் என்று யாரும் கேட்கவில்லை. யாருக்கு வேண்டியவர்கள் என்பது போதுமானதாக இருந்தது.

1956 நவம்பர் 1-ல் மொழிவாரியாக மாநிலங்கள் பிரிந்தபோது கோவை மாவட்டத்தின் கொள்ளேகால் மைசூருக்குப் போனது. ஓசூர் சேலம் மாவட்டத்திலேயே தங்கியது, வீட்டில் தெலுங்கும் கன்னடமும் பேசுகிற பெரிய கூட்டத்தோடு. கோட்டை எங்கே போட்டிருந்தாலும் யாராவது தவறான பக்கத்தில் மாட்டியிருப்பார்கள், இந்த ஊர் அப்படி. அதைச் சட்டம் எழுதியவர்களும் அறிந்திருந்தார்கள். அதே 1956-ல் ஏழாவது திருத்தம் வழியாக அரசியலமைப்பில் 350-ஏ சேர்ந்தது. மொழிச் சிறுபான்மைக் குழந்தைகளுக்குத் தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் தர ஒவ்வொரு மாநிலமும் முயல வேண்டும் என்கிறது அது. 'முயல வேண்டும்' என்ற சொல்லில் எவ்வளவு இடம் இருக்கிறது என்பது அரசு அலுவலகம் பக்கம் போனவர்களுக்குத் தெரியும். (அதே வருடம்தான் இலங்கையில் சிங்களம் மட்டும் சட்டம் வந்தது. அங்கே முயற்சிகூட இல்லை.)

2016 செப்டம்பரில் பிணையின் கணக்கு எப்படி ஓடும் என்று பார்த்தோம். பெங்களூரில் ஒரு தமிழ் மாணவரை அடித்த வீடியோ, அதற்குப் பதிலாக ராமேஸ்வரத்தில் ஒரு கர்நாடக டிரைவரை அடித்த வீடியோ, சென்னையில் கன்னடர் ஒருவரின் ஓட்டல் மீது தாக்குதல், அன்றைக்கே பெங்களூரில் ஒரு டிப்போவில் டஜன் கணக்கில் தமிழ்நாட்டுப் பஸ்கள் எரிந்தது. ஒவ்வொன்றும் முந்தையதற்குப் பதில்தான். அத்திப்பள்ளியிலிருந்து ஜூஜூவாடி வரை மூட்டையும் குழந்தையுமாக நடந்து வந்தவர்களிடம் யாரும் காவிரி பற்றி அபிப்பிராயம் கேட்கவில்லை.

நல்ல காரியத்தில்கூட இந்தக் கணக்கு நுழைந்துவிடுகிறது என்பதுதான் எனக்கு உறுத்தல். பெங்களூர் அல்சூரில் திருவள்ளுவர் சிலை 18 வருஷம் துணி மூடி நின்றது. 2009 ஆகஸ்ட் 9-ல் திறந்தார்கள், நான்கு நாள் கழித்துச் சென்னை அயனாவரத்தில் சர்வக்ஞர் சிலை. சந்தோஷம்தான், வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் சர்வக்ஞர் சென்னைக்கு வந்தது அவருடைய வசனங்களுக்காக இல்லை. வள்ளுவருக்கு ஈடாக வந்தார்.

சிலையை விடுங்கள். பள்ளிக்கூடத்துக்கு வருவோம். தமிழ்நாடு தமிழ் கற்றல் சட்டம், 2006, எல்லாப் பள்ளிகளிலும் முதல் வகுப்பிலிருந்து படிப்படியாகத் தமிழைக் கட்டாயமாக்கியது. அந்தப் பிள்ளைகள் 2015-16-ல் பத்தாம் வகுப்புக்கு வந்தபோது ஓசூர், கிருஷ்ணகிரிப் பக்கத் தெலுங்கு, கன்னட, உருது வழி மாணவர்களுக்குப் பொதுத்தேர்வில் தமிழ்த் தாள். விலக்கு வேண்டும் என்றால் கோர்ட்டுக்குப் போக வேண்டியிருந்தது. கர்நாடகத்தில் 2015-ல் கன்னட மொழி கற்றல் சட்டம் வந்தபோது நம்மில் பலர் கொதித்தோம். பெயரைக்கூட மாற்றவில்லை, நம்முடையதைப் பார்த்து எழுதிய மாதிரிதான் இருக்கிறது.

"இங்க வாழ்றவங்க தமிழ் கத்துக்கிட்டா அவங்களுக்குத்தானே நல்லது?" நல்லதுதான். சிப்காட்டில் வேலை, தாலுகா ஆபீஸில் மனு, எல்லாவற்றுக்கும் தமிழ் வேண்டும். ஆனால் ஒரு மொழி உனக்குப் பயன்படும், அதனால் கட்டாயம் என்ற வாதத்தை நாம் முதல்முறையாகக் கேட்கவில்லை. ஓசூருக்குப் பக்கத்தில் தொரப்பள்ளியில் 1878-ல் பிறந்த ராஜாஜி, சென்னை மாகாணப் பிரதமராக இருந்து 1938-ல் பள்ளிகளில் இந்தியைக் கட்டாயமாக்கினார். அதை எதிர்த்துச் சிறைக்குப் போன பரம்பரை என்று பெருமைப்படுகிறோம். பின்னாளில் அவரே இந்தித் திணிப்பை எதிர்த்தார். கற்றுக்கொள்வதற்கும், தெரியாவிட்டால் ஃபெயில் என்பதற்கும் நடுவே உள்ள வித்தியாசம் நமக்கு அப்போது நன்றாகவே தெரிந்திருந்தது. தேன்கனிக்கோட்டைப் பையன் என்று வரும்போது ஏன் மறக்கிறது? அவனுக்குப் பின்னால் இன்னொரு மாநிலம் இருக்கிறது, அவர்கள் பார்த்துக்கொள்ளட்டும் என்று நினைக்கிறோமோ?

ஐரோப்பாவில் இதற்கு ஓர் உதாரணம் உண்டு. ஜெர்மனிக்கும் டென்மார்க்குக்கும் நடுவே ஷ்லெஸ்விக். 1920-ல் மக்களிடம் வாக்கெடுத்துக் கோடு போட்டார்கள், வடக்கு டென்மார்க்குக்கு, தெற்கு ஜெர்மனிக்கு. வாக்கெடுத்துப் போட்ட கோட்டிலும் இரண்டு பக்கமும் ஆட்கள் மாட்டினார்கள். நடுவில் ஹிட்லர், ஐந்து வருட ஆக்கிரமிப்பு, கசப்பு. 1955 மார்ச்சில் இரண்டு அரசுகளும் சிறுபான்மையினருக்கு உரிமைகளை அறிவித்தன. அவர்கள் ஒன்றும் புனிதர்கள் இல்லை, ஜெர்மனி நேட்டோவில் சேரக் காத்திருந்த நேரம் அது. ஆனால் வடிவத்தைக் கவனியுங்கள். அது ஒப்பந்தம் இல்லை. ஒவ்வோர் அரசும் தன் நாட்டில் இருப்பவர்களைப் பற்றித் தனித்தனியாகச் சொன்ன வாக்கு. ஒருவர் மீறினால் மற்றவரும் மீறலாம் என்ற ஷரத்துக்கே அதில் இடமில்லை. இன்னொன்றும் அதில் இருக்கிறது: ஒருவர் தன்னை டேனிஷ் என்றோ ஜெர்மன் என்றோ சொல்லிக்கொண்டால் அதிகாரிகள் அதைச் சோதித்துப் பார்க்கக் கூடாது. நம் ஊரில் பத்தாம் வகுப்புப் பிள்ளை தன் தாய்மொழிக்காக வக்கீல் வைக்க வேண்டியிருப்பதை இதோடு சேர்த்துப் பார்க்கிறேன்.

இதைச் சொன்னால் அலுவலக நண்பர் ஒருவர், "நாம மட்டும் விட்டுக்கொடுத்தா ஏமாளி ஆயிடுவோம் பாஸ்" என்பார். தண்ணீரில், வரிப் பங்கில், கம்பெனிகளைப் பிடிப்பதில் அந்த எச்சரிக்கை சரி, அங்கே மாநிலத்துக்கு எதிரில் மாநிலம் நிற்கிறது. பாகலூர்ப் பள்ளியில் கன்னட வாத்தியார் ஓய்வு பெற்றால் அந்த இடத்தை நிரப்புவதில் நாம் யாருக்கு விட்டுக்கொடுக்கிறோம்? அந்தப் பிள்ளையின் அப்பா இங்கே ஓட்டுப் போடுகிறார், இங்கே வரி கட்டுகிறார். பெங்களூரிலிருந்து பதில் வருகிறதா என்று பார்த்துவிட்டுச் செய்ய வேண்டிய வேலை இல்லை அது.