ஐயமும் தண்டமும்

குற்றஞ் சாட்டப்பட்டான் ஒருவனைக் குற்றவாளியென்று துணிதற்கு எத்துணைத் தெளிவு வேண்டும் என்னும் வினா, வழக்குமன்றத்தார்க்கே உரியதென்று கருதுவார் பலர். அளவைநூல் பயின்றார்க்கும் அஃது உரியதே. ஆகலின் அதனை ஈண்டுச் சிறிது ஆராய்வாம்.

திருவெண்ணெய்நல்லூர் அவையத்தார், நம்பியாரூரரைத் தம் அடிமையென்று வழக்கிட்டு வந்த முதிய அந்தணரை நோக்கி, ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி என்னும் மூன்றனுள் ஒன்று காட்டுமாறு கேட்டமை அன்பர்கள் அறிந்ததே. கிழிக்கப்பட்டது படியோலையாக, மூலவோலை அவையிற் காட்டப்பட்டது; பாட்டனார் எழுத்து அவர்தம் வேறோர் ஓலையோடு ஒப்பு நோக்கப்பட்டது. அஃது உரிமை வழக்கு. அடிவழக்கிலோ ஆட்சி என்பதற்கு இடமே இல்லை. அடிப்பான் ஆவணம் எழுதிக்கொடுத்து அடிப்பானும் அல்லன். எஞ்சுவது காட்சி ஒன்றே. அடி நள்ளிரவிலோ அடைத்த வீட்டினுள்ளோ நிகழுமாயின் அயலாரும் இலர். அடியுண்டாரே கண்டார், அவரே கரியும் ஆவர்.

ஒருவர் சொல் போதுமோ எனின், போதும் என்பதே நம் நாட்டுச் சட்டம். 1872-ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டம் இத்தனை சாட்சிகள் வேண்டுமென்று எண் வரையறுத்திலது. அதற்கு மாற்றாக 2024 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய சாட்சிய அதிநியமும் அங்ஙனமே. 1957-இல் சென்னை மாநிலத்துக் கொலைவழக்கொன்றில் உச்சநீதிமன்றத்தார் சாட்சிகளை முழுதும் நம்பத்தக்கார், முழுதும் நம்பத்தகார், இவ்விரண்டினும் அடங்காதார் என மூவகைப்படுத்தி, மூன்றாம் வகையார் சொற்கே பிறிதொரு சான்று துணை வேண்டுமென்றனர். காயமுற்றார் சொல்லுக்கு மன்றங்கள் தனிமதிப்பும் தருகின்றன. அக்காயமே அவர் அவ்விடத்து இருந்தமையைக் காட்டுதலின். ஆயினும் புகை கண்டு நெருப்புண்மை கருதலாமன்றி, அந்நெருப்பை மூட்டினான் இன்னானென்று புகை உரையாது. காயமும் அத்தகையதே.

காட்சியினும் ஐயம், திரிபு என இரு குற்றங்கள் உள. குற்றியோ மகனோ என மயங்குவது ஐயம். கயிற்றைப் பாம்பென்றே துணிவது திரிபு. இவற்றுள் மன்றத்திற்கு இடர் மிகுதியும் விளைப்பது திரிபே. ஐயுற்றான் தான் ஐயுறுதலை அறிவான். குறுக்கு விசாரணையில் தடுமாறி அதனைக் காட்டியும் விடுவான். திரிபுற்றானோ பொய்யன் அல்லன். இருளில் ஓடினவனை இன்னானே என்று மனமார நம்பி, குரல் தளராது கூறுவான். அவன் துணிவை மெய்யின் அடையாளமாகக் கொண்டு சிறைப்பட்டார் பல நாடுகளிலும் உளர்.

இதுபற்றியே ஐயத்தின் பயன் குற்றஞ் சாட்டப்பட்டானைச் சாரும் என்றனர். 1935-இல் இங்கிலாந்துப் பிரபுக்கள் சபையில் சாங்கி பிரபு, குற்றத்தை மெய்ப்பிக்கும் சுமை வழக்குத் தொடுப்பாரதே என நிலைநாட்டினார். அற்றேல், எவ்வகை ஐயமும் போதுமோ எனின், அற்றன்று. அறிவுடையான் ஒருவன் தன் காரியத்தில் நம்பி ஒழுகும் அளவே 1872-ஆம் ஆண்டுச் சட்டம் வேண்டியது. கற்பனை ஐயங்களைப் பெருக்கிக் குற்றவாளிகளை விடுத்தலும் தீதென்று 1973-இல் நீதிபதி கிருஷ்ணய்யர் கடிந்தார்.

கனடா உச்சநீதிமன்றம் 1991-இல் பாலியல் தாக்குதல் பற்றிய மேல்முறையீடொன்றிற் காட்டிய முறை நம் தருக்க நூலார்க்கும் உவப்பாகும். எதிரியின் சொல்லை நம்பினால் விடுக. நம்பாவிடினும் அச்சொல்லால் நியாயமான ஐயம் நிற்குமாயின் விடுக. அதுவும் நில்லாவிடின், ஏற்றுக்கொண்ட சான்றுகளே குற்றத்தை ஐயமற நாட்டுகின்றனவா என நோக்குக. இருவருள் யார் மெய்யர் என்பதன்று வினா; எதிரி பொய்யன் என்பதனால் மட்டும் குற்றம் மெய்யாகாது.

மேல்முறையீட்டில் இடர் இரட்டிக்கும். அங்கு நீதிபதி காண்பது ஏட்டையேயன்றிச் சாட்சியின் முகத்தை அன்று. 1934-இல் பிரிவி கவுன்சிலார், விடுதலைத் தீர்ப்பின் மேல் வரும் முறையீட்டிலும் சான்று முழுவதையும் ஆராயும் அதிகாரம் மேல்மன்றத்திற்கு உண்டென்றும், சாட்சியை நேரிற் கண்டான் கொண்ட கருத்தை எளிதில் தள்ளலாகாதென்றும் கூறினர்.

அங்ஙனமாயின் அடியுண்டார்க்கு இஃது அநீதியன்றோ? இவ்வினாவை எளிதாக ஒதுக்குவாரோடு யாம் உடன்படேம். விடுதலையுற்றான் தெருவில் மீசை முறுக்கி வர, அடியுண்டவளை ஊர் பொய்க்காரியென்று தூற்றுகின்றது. இது தருக்கப் பிழை, பழியும் ஆம். ஐயம் அறிவானிடத்து நிகழும் நிலையேயன்றி அறியப்படு பொருளின் நிலையன்று. காண்பான் மயங்கினும் குற்றி குற்றியாகவே நிற்கும். மெய்ப்பிக்கப்பட்டிலது என்னும் தீர்ப்பு, நிகழ்ந்திலது என்னும் தீர்ப்பாகாது. மன்றத்தார் இவ்வேறுபாட்டைத் தம் தீர்ப்புரையில் வெளிப்பட எழுதல் வேண்டும் என்பது எம் கருத்து.

சட்டமும் இதனை ஒருவாறு உணர்ந்துள்ளது. வழக்கு விடுதலையில் முடிந்தவிடத்தும், தீங்குற்றார்க்கு மறுவாழ்வு வேண்டப்படின், ஈட்டுத்தொகைக்கு நீதிமன்றம் பரிந்துரைக்கலாம் என்னும் விதி 2009-இல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்திற் புகுத்தப்பட்டது. 2023-இல் இயற்றப்பட்ட புதிய சட்டத்திலும் அவ்விதி உளது.